ஸ்டெல்லா டல்லஸ் (1925) பார்த்தாச்சு

ஊமைப்படம் என்றாலே வழுக்கி விழும் காமெடிதான் என்று நினைப்பவர்களுக்கு இனி இதைத்தான் காட்டப்போகிறேன். ஹென்றி கிங் இயக்கம், சாமுவேல் கோல்ட்வின் தயாரிப்பு.

அப்பா தற்கொலை செய்துகொண்ட அவமானத்தில் ஊரைவிட்டு ஒரு மில் ஊருக்கு வந்துசேரும் பெரிய வீட்டுப் பையன் ஸ்டீபன், தொழிலாளி மகள் ஸ்டெல்லாவைக் கட்டிக்கொள்கிறான். அப்புறம் அவள் உடுத்துவது, சிரிப்பது, பழகும் ஆட்கள் எதுவும் பிடிக்காமல் நியூயார்க்குக்குப் போய்விடுகிறான், மகள் லாரல் அம்மாவிடமே வளர்கிறாள். ஸ்டீபனாக வரும் ரொனால்ட் கோல்மன் அழகாக நிற்கிறார், அவ்வளவுதான். அவன் செய்த தவறை மட்டும் படம் கண்டுகொள்ளவே இல்லை, எனக்கு அதில் கோபம்.

லாரலின் பிறந்தநாள் காட்சிக்காகவே பார்க்கலாம். மேஜையெல்லாம் அலங்கரித்து அம்மாவும் மகளும் காத்திருக்க, வரமுடியாது என்று ஒவ்வொரு வீட்டிலிருந்தும் சீட்டு வருகிறது, கடைசியில் அத்தனை நாற்காலிக்கும் நடுவே இவர்கள் இரண்டே பேர். ஸ்டெல்லாவாக வரும் பெல் பென்னட் முகத்தில் சிரிப்பை விடாமல் பிடித்துவைத்துக்கொண்டே உடைகிறார் பாருங்கள், நான் நிறுத்திவிட்டுத் தண்ணீர் குடித்து வந்தேன்.

1937இல் இதே கதையில் பார்பரா ஸ்டான்விக் நடித்த பேசும்படத்தையும் பார்த்திருக்கிறேன், அவரும் நன்றாகத்தான் செய்திருப்பார், ஆனால் எனக்கு இதுதான் ஒருபடி மேல். இதில் ஸ்டெல்லாவின் குரல் நமக்குக் கேட்காது. அவள் ஜிகினா உடையையும் தொப்பியையும் நடையையும் மட்டும் பார்த்து, அந்தப் பணக்காரக் கூட்டம் மாதிரியே நாமும் அவளை எடைபோட்டு முகம் சுளிக்கிறோம், பிறகு ரயிலில் பெண்கள் அவளைக் கேலி பேசுவதை அவளே படுத்தபடி கேட்கும்போது நமக்கும் சேர்த்துச் சுருக்கென்று தைக்கிறது.

லாரலைக் கட்டிக்கொள்ளும் பணக்காரப் பையன் டக்ளஸ் ஃபேர்பேங்க்ஸ் ஜூனியர். அப்போது அவருக்கு 15 வயது, மீசையை நம்பவே முடியவில்லை!

நடுவில் கொஞ்சம் இழுவை இருக்கிறது. நல்ல பிரதியாகத் தேடிப் பாருங்கள். எனக்குக் கிடைத்தது மங்கல், போதாததற்கு யாரோ கைக்கு வந்த பியானோவை ஒட்டியிருந்தார்கள். மகளின் கல்யாணத்தை ஸ்டெல்லா தெருவில் மழையில் நின்று ஜன்னல் வழியாகப் பார்க்கிறாள், பின்னணியில் குதூகலமாக டான்ஸ் மெட்டு! சத்தத்தை அணைத்துவிட்டுத்தான் மீதியைப் பார்த்தேன்.