ஆக்சிடென்ட்ல அடிபட்டவங்க கையெழுத்து போடுறதுக்கு முன்னாடி மோட்டார் ஆக்சிடென்ட் கிளெய்ம்ஸ் ஆன்லைன் பாருங்க

என் தம்பி பைக்ல வேலைக்கு போறப்ப பின்னாடி வந்த கார் இடிச்சு மணிக்கட்டு எலும்பு முறிஞ்சு போச்சு, எதிர்த்தரப்பு இன்சூரன்ஸ்ல ஒரு தொகைய சொல்லி சீக்கிரம் கையெழுத்து போடுங்கன்னாங்க, அது நியாயமா கம்மியான்னு எங்களுக்கு எப்படி தெரியும்? கூட வேலை பாக்குற அண்ணன்தான் இந்த வெப்சைட்ட காட்டுனாரு. சிங்கப்பூர் ஸ்டேட் கோர்ட்ஸும் சிங்கப்பூர் அகாடமி ஆஃப் லாவும் சேர்ந்து உருவாக்குனது, காசு கிடையாது.

யார் மேல எவ்வளவு தப்புன்னு ஒரு பகுதி, எந்த காயத்துக்கு எவ்வளவு வெள்ளின்னு இன்னொரு பகுதி. எனக்கு ரொம்ப உதவுனது ரெண்டாவதுதான். வெறும் எலும்பு முறிவுன்னு சொன்னா பத்தாது, முழுசா கூடுச்சா, கை முன்ன மாதிரி திரும்புதா, வலி நிக்குதா, இதெல்லாம் வச்சுதான் தொகை ஏறும் இறங்கும். அதனால மெடிக்கல் ரிப்போர்ட்ட கையில வச்சுக்கிட்டு உக்காருங்க. வலிக்கும் வேதனைக்கும் உள்ள நஷ்டஈடு வேற, ஆஸ்பத்திரி பில், டாக்ஸி காசு, எம்.சில (மெடிக்கல் லீவுல) போன சம்பளம் வேற, ரசீது ஒண்ணையும் தூக்கி போடாதீங்க ப்ளீஸ். நம்ம மேல 20% தப்புன்னா மொத்தத்துல அந்த 20% கழியும், இது எங்களுக்கு தெரியவே தெரியாது.

வர்றது ஒரு மதிப்பீடுதான், தீர்ப்பு இல்ல, காயம் பெருசுன்னா வக்கீல கண்டிப்பா பாருங்க. கேஸ் போட பொதுவா 3 வருஷம் டைம் இருக்கு, அதனால யார் அவசரப்படுத்துனாலும் காயம் ஆறுறதுக்குள்ள கையெழுத்து போட்றாதீங்க.