நாகரிக வரலாற்று நூல்கள்: நெடுநாள் புழங்கிய பிறகு ஒரு மதிப்பீடு

நாகரிகங்களின் உறவு, சமூக மாற்றம் என்று ஆயிரம் ஆண்டுகளை ஒரே மூச்சில் அள்ளிவரும் நூல்களை முதல் வாசிப்பில் எடைபோடுவது வீண். முதல் தடவை எல்லாமே பிரமாதமாகத்தான் இருக்கும். ஏதோ ஒரு தகவலைத் தேடி மூன்றாம், நான்காம் தடவை அதே நூலைத் திறக்கும்போதுதான் சாயம் நிற்கிறதா வெளுக்கிறதா என்று தெரியும். கீழே இருப்பது அப்படித் திரும்பத் திரும்பத் திறந்து பார்த்ததில் தேறிய கணக்கு.

முதலில் நூலின் உடம்பு. இந்த வகை நூல்களில் குறிப்புகள் பெரும்பாலும் பக்கத்தின் அடியில் இருக்காது, நூலின் கடைசியில் குவிந்து கிடக்கும். அங்கே ஒவ்வொரு பக்கத் தலைப்பிலும் ‘பக்கம் 210 முதல் 218 வரை’ என்று போட்டிருந்தால் பிழைத்தோம். வெறுமனே ‘அத்தியாயம் 7’ என்றிருந்தால், படிக்கும் அத்தியாயத்தின் எண்ணையே மறந்துவிட்டு முன்னும் பின்னும் புரட்ட வேண்டியதுதான். இரண்டு புத்தகக்குறி வைத்துக்கொள்வது கட்டாயம்: ஒன்று வாசிக்கும் இடத்தில், மற்றொன்று குறிப்புகளில். ஆயிரம் பக்கம் தாண்டிய, பசை மட்டும் போட்டு ஒட்டிய அட்டைகளின் முதுகு நடுப்பகுதியில்தான் முதலில் விரியும், ஏனென்றால் குறிப்புக்கும் உரைக்கும் மாறி மாறிப் போகும்போது அங்கேதான் மடக்கு விழுகிறது. அடிக்கடி எடுக்கப்போகும் நூல் என்றால் தைத்த கட்டமைப்பில் தேடுவது நல்லது. மின்னூலில் தேடுவது எளிது, ஆனால் இரண்டு பக்கம் விரியும் வரைபடம் அதில் மங்கலான தபால்தலையாகிவிடும். பக்க எண்ணும் பல மின்னூல்களில் அச்சோடு பொருந்தாது. வரைபடம் முக்கியமான நூலுக்கு அச்சு, மேற்கோள் தேட மட்டும் மின்னூல் என்று பிரித்துக்கொண்டால் சிக்கல் குறைவு.

அடுத்து சொல்லடைவு. நூலை வாங்குமுன் ஐந்து நிமிடத்தில் செய்யக்கூடிய சோதனை இதுதான். ‘உலக வரலாறு’ என்று அட்டையில் இருக்கும். சொல்லடைவில் பாரிஸுக்கு நாற்பது பக்க எண்கள் இருக்கும், மலாக்காவுக்கு இரண்டு. அந்த விகிதமே நூல் எந்தத் திண்ணையில் உட்கார்ந்து உலகத்தைப் பார்க்கிறது என்று காட்டிவிடும். சொல்லடைவே இல்லாத மொழிபெயர்ப்புகளும் உண்டு. அவற்றை ஒருமுறை வாசிக்கலாம், புழங்க முடியாது. இன்னொரு தொல்லை, கலைச்சொல். ஒரே மூலச்சொல்லை ஓர் அத்தியாயத்தில் நிலமானிய முறை என்றும், அடுத்ததில் பிரபுத்துவம் என்றும், பிறகு நிலவுடைமைச் சமூகம் என்றும் பெயர்த்திருந்தால், வாசகர் மூன்று வெவ்வேறு அமைப்புகளைப் பற்றிப் படிப்பதாகவே நினைத்துக்கொள்வார். ‘நாகரிகம்’, ‘பண்பாடு’ இரண்டும் குழம்பினால் அந்த நூலின் வாதமே கரைந்துபோகும். முதல் ஐம்பது பக்கத்துக்குள் இப்படி ஒரு வழுக்கல் கண்ணில் பட்டால், நூலின் பின்னட்டை உள்பக்கத்தில் சொற்பட்டியல் ஒன்றைப் பென்சிலால் எழுதத் தொடங்கிவிட வேண்டும்.

இனி உள்ளடக்கம். ஒரு நூல் நம்பத்தக்கதா என்று பார்க்க இரண்டு உரைகல் வைத்துக்கொள்ளலாம்.

ஒன்று, மத்திய ஆசியாவில் நடந்த தலாஸ் போர். 751இல் அப்பாசியக் கலீபாவின் அரபுப் படையும் சீனத் தாங் வம்சப் படையும் மோதின. சிறைப்பட்ட சீனர்கள் சமர்கந்தில் காகிதம் செய்யக் கற்றுக்கொடுத்தார்கள். அங்கிருந்து காகிதம் மேற்கே போனது. அழகான கதை, ஒரே நாளில் ஒரு தொழில்நுட்பம் கைமாறிவிடுகிறது. இந்தக் கதைக்கு ஆதாரம் 11ஆம் நூற்றாண்டில் அரபியில் எழுதிய தஆலிபி, அதாவது போர் நடந்து இரண்டரை நூற்றாண்டுக்கும் மேல் கழித்து. இதற்கிடையே 1907இல் வடமேற்குச் சீனாவின் துன்ஹுவாங்குக்கு மேற்கே ஒரு காவல் கோபுரத்தில் தொல்லியலாளர் ஆரல் ஸ்டெய்ன் கண்டெடுத்த, சமர்கந்த் வட்டார வணிகரான சோக்தியர்களின் கடிதங்கள் 4ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தைச் சேர்ந்தவை. அத்தனையும் காகிதத்தில் எழுதியவை. அவற்றுள் ஒன்றின் மேலுறையில் சேர வேண்டிய ஊர் சமர்கந்த் என்றே இருக்கிறது. ஆக, போருக்கு நானூறு ஆண்டுகளுக்கு முன்பே அந்த ஊர் வணிகர்கள் காகிதத்தை அறிந்திருந்தார்கள். போர்க்கைதிக் கதையைச் சந்தேகம் எதுவுமின்றி ஒரு வரியில் சொல்லிக் கடந்துபோகும் நூல், மற்ற கைமாற்றங்களையும் அப்படியே சொல்லியிருக்கும் என்று எடுத்துக்கொள்ளலாம். ‘தஆலிபி சொல்வது இது, ஆனால்...’ என்று தொடங்கும் நூலை வாங்கலாம்.

இரண்டாவது, ‘கறுப்புச் சாவு’ என்று சொல்லப்படும், 1347க்குப் பிந்தைய கொள்ளைநோய். ‘மக்கள்தொகை சரிந்தது, கூலி உயர்ந்தது, பண்ணையடிமை முறை ஒழிந்தது’ என்ற மூன்று படிச் சங்கிலி பல நூல்களில் உண்டு. இங்கிலாந்துக்கு அது ஓரளவு பொருந்தும். அங்கேகூட 1349 ஆணையும் 1351 தொழிலாளர் சட்டமும் கூலியை நோய்க்கு முந்தைய அளவில் கட்டிவைக்கத்தான் பார்த்தன. 1381 விவசாயிகள் கிளர்ச்சி வரை இழுபறி நீண்டது. ஆனால் ஜெர்மனியின் எல்பா ஆற்றுக்குக் கிழக்கே இதே ஆள்பற்றாக்குறை நேர்மாறான விளைவைத் தந்தது. ஆள் கிடைக்காதபோது நிலப்பிரபுக்கள் இருப்பவர்களை நிலத்தோடு கட்டிப்போட்டார்கள். போலந்தில் 1520இலேயே வாரத்துக்கு ஒரு நாள் கட்டாய உழைப்பு சட்டமாகிவிட்டது, பிறகு அந்த நாள்கள் கூடிக்கொண்டே போயின. எகிப்தில் கதை வேறு: ஆள் குறைந்ததும் வாய்க்கால் தூர்வாருவது நின்று, பாசனமே சீர்குலைந்தது. ஒரே காரணம், மூன்று விளைவு. 1976இல் வரலாற்றாசிரியர் ராபர்ட் பிரென்னர் கிளப்பிய விவாதமும் இதைச் சுற்றித்தான்: எண்ணிக்கை மட்டும் எதையும் தீர்மானிக்காது, விவசாயிகளின் ஊர்க்கட்டு எவ்வளவு பலம், பிரபுவின் கை எவ்வளவு நீளம் என்பதே தீர்மானிக்கும் என்றார் அவர். சமூக மாற்றத்தைப் பேசும் எந்த நூலையும் எடுத்து இந்தப் பகுதியை மட்டும் படித்தால் போதும். போலந்தையோ பிரஷ்யாவையோ குறிப்பிடாமல் ‘நோய் அடிமைகளை விடுவித்தது’ என்று முடித்திருந்தால், ஒற்றைக் காரணத்தை வைத்து உலகத்தை ஓட்டும் நூல் அது.

குறிப்பிட்ட நூல்கள் சில. டாயின்பியின் ‘எ ஸ்டடி ஆஃப் ஹிஸ்டரி’ 1934 முதல் 1961 வரை வந்த 12 தொகுதிகள். பெரும்பாலோர் கையில் இருப்பது சாமர்வெல் சுருக்கிய இரண்டு தொகுதிகள், 1946இலும் 1957இலும் வந்தவை. சுருக்கம் வாசிக்க இதமானது. ஆனால் அது பத்தாம் தொகுதியோடு நின்றுவிடுகிறது. விமர்சகர்களுக்குப் பதில் சொல்லித் தன் நிலைப்பாடுகள் சிலவற்றை டாயின்பியே திருத்திக்கொண்டது 12ஆம் தொகுதியில். சுருக்கத்தை மட்டும் வைத்திருப்பவருக்கு வாதம் கிடைக்கிறது, திருத்தம் கிடைப்பதில்லை. முழுத் தொகுதி வாங்கத் தேவையில்லை, 12ஐ மட்டும் நூலகத்தில் எடுத்துச் சுருக்கத்தின் ஓரத்தில் குறித்துக்கொண்டால் போதும்.

மெக்நீலின் ‘தி ரைஸ் ஆஃப் தி வெஸ்ட்’ 1963இல் வந்தது. 25 ஆண்டு கழித்துத் தன் நூலைத் தானே மறுபரிசீலனை செய்து அவர் எழுதிய கட்டுரை பிந்தைய பதிப்பின் முன்னால் சேர்ந்திருக்கிறது. 1000 முதல் 1500 வரை சீனா வகித்த இடத்தைக் குறைத்து மதிப்பிட்டுவிட்டதாக அதில் ஒப்புக்கொள்கிறார். பழைய பதிப்பு மலிவாகக் கிடைத்தாலும் அந்தக் கட்டுரை இல்லாவிட்டால் பாதி நூல்தான். 1976இல் வந்த அவரது கொள்ளைநோய் நூலுக்கும் இன்று பக்கத்தில் ஒரு தாள் செருக வேண்டும். கிர்கிஸ்தானின் இசிக்-குல் ஏரியருகே 1338, 1339 ஆண்டு போட்ட கல்லறைகளில் இருந்து எடுத்த மரபணு, அங்கே பரவியது அதே கொள்ளைநோய்தான் என்று 2022இல் உறுதிசெய்தது. யுன்னான், பர்மா பக்கம் இருந்து மங்கோலியர் கொண்டுவந்தார்கள் என்ற மெக்நீலின் ஊகத்தை இப்போது அப்படியே எடுத்தாள முடியாது. நோயைச் சமூக வரலாற்றின் நடுவே கொண்டுவந்து வைத்த அவரது முறை மட்டும் இன்னும் தேயவில்லை.

பிரோடலின் மத்தியதரைக்கடல் நூல்தான் அதிகம் உழைக்கும் நூல். 1949இல் முதல் பதிப்பு, 1966இல் பெரிதும் மாற்றிய இரண்டாம் பதிப்பு. பலர் செய்யும் தவறு, முதல் பக்கத்தில் தொடங்கி மலைகள், சமவெளிகள் என்று போகும் பகுதியிலேயே களைத்து நூலை மூடிவிடுவது. மூன்று பகுதிகளையும் தலைகீழாகப் படிக்கலாம்: கடைசிப் பகுதியில் இருக்கும் போர்களையும் மன்னர்களையும் முதலில், பொருளாதாரத்தை நடுவில், புவியியலைக் கடைசியில். ஆட்கள் தெரிந்த பிறகு மலைகள் பேசத் தொடங்கும். வெனிஸுக்குக் கடிதம் வந்து சேர எத்தனை நாள் ஆனது என்று காட்டும் வரைபடங்களை மட்டும் தனியாக ஒரு மாலை முழுக்கப் பார்க்கலாம். ஒரே ஊரிலிருந்து வரும் செய்திக்கும் காலம் ஏறி இறங்கும். தூரத்தை மைலில் அளந்தே பழகியவர்களுக்கு இது ஒரு நல்ல உலுக்கல்.

அபு-லுகோத் 1989இல் எழுதிய ‘பிஃபோர் யூரோப்பியன் ஹெஜமனி’ 1250 முதல் 1350 வரையான நூறாண்டை மட்டும் எடுத்துக்கொண்டு, ஒன்றன்மேல் ஒன்று படியும் எட்டு வணிக வட்டங்களாக விரிக்கிறது. தனித்தனி அத்தியாயமாகவும் பயன்படுவதால் புழக்கத்துக்கு மிக வசதி. பொமரான்ஸின் ‘தி கிரேட் டைவர்ஜென்ஸ்’ (2000) சீனா முழுவதையும் இங்கிலாந்தோடு ஒப்பிடாமல் யாங்சி கழிமுகத்தை மட்டும் ஒப்பிடுகிறது. கணக்குகளையெல்லாம் கடைசியில் பின்னிணைப்புகளாக விரித்தும் வைத்திருக்கிறது. பிந்தைய கூலி ஒப்பீடுகள் இங்கிலாந்து சீனாவை விட்டு முந்திப் பிரிந்த காலத்தை அவர் சொன்னதைவிட முன்னே தள்ளுகின்றன, ஆனால் எந்த எண்ணை மாற்றினால் எது சரியும் என்று அவரது பின்னிணைப்பை வைத்தே போட்டுப் பார்க்கலாம். இந்த நேர்மை அபூர்வம். ஹன்டிங்டனின் 1993 கட்டுரைத் தலைப்பில் (‘தி கிளாஷ் ஆஃப் சிவிலைசேஷன்ஸ்?’, அதாவது நாகரிகங்களின் மோதலா?) கேள்விக்குறி இருந்தது. 1996 நூலில் அது காணாமல் போனது. நூலின் குறையை இதைவிடச் சுருக்கமாகச் சொல்ல முடியாது.

பழைய நூல்களில் இப்னு கல்தூனின் ‘முகத்திமா’ (1377) இன்றும் மேசையில் இருக்கத் தகுந்தது. ஓர் அரச வம்சத்துக்கு மூன்று தலைமுறை, தலைமுறைக்கு 40 ஆண்டு, ஆக 120 என்ற அவரது வாய்ப்பாட்டை எல்லா இடத்திலும் பொருத்தப் பார்ப்பதுதான் வாசகர்கள் விழும் குழி. அது வடஆப்பிரிக்கப் பாலைவனக் குடிகள் நகரங்களைப் பிடித்து ஆண்டு தளர்ந்த அனுபவத்தில் இருந்து வந்தது. குதிரையும் குலக்கட்டும் ஆட்சியைத் தீர்மானித்த இடங்களில் பொருந்தும், நிலையான வரிப்பதிவேடும் எழுத்தர் படையும் இருந்த இடங்களில் இழுக்கும்.

பல நூல்களைச் சேர்த்துப் புழங்கும்போது முதலில் உடைவது தேதி. இஸ்லாமிய ஹிஜ்ரி ஆண்டு 354 நாள்தான், அதனால் 622ஐ வெறுமனே கூட்டினால் தப்பு. ஹிஜ்ரி எண்ணை 0.97ஆல் பெருக்கி 622 கூட்ட வேண்டும்: 656 என்றால் 636, அதோடு 622, ஆக 1258, பாக்தாத் வீழ்ந்த ஆண்டு. சக ஆண்டுக்கு 78 கூட்டினால் போதும். சீனத்து சுவான்சௌவில் கிடைத்த தமிழ்க் கல்வெட்டின் சகம் 1203, நமக்கு 1281. ஐரோப்பாவிலும் நிம்மதி இல்லை. 1582க்கும் 1752க்கும் இடையில் இங்கிலாந்து பழைய நாட்காட்டியிலேயே நின்றதால் வெனிஸ் கடிதத்துக்கும் லண்டன் கடிதத்துக்கும் பத்து, பதினொரு நாள் வேறுபடும். இங்கிலாந்தில் புத்தாண்டு மார்ச் 25இல் தொடங்கியதால், முதலாம் சார்லஸ் தலை வெட்டப்பட்ட 1649 ஜனவரி அன்றைய ஆவணத்தில் 1648 என்றிருக்கும். ஊர்ப்பெயருக்கும் இதே பாடு: சுவான்சௌ, சூவான்-சௌ, ஜைத்தூன் மூன்றும் ஒரே துறைமுகம்.

இதற்கெல்லாம் ஒரு பெரிய தாள் போதும். 1200 முதல் 1500 வரை, 25 ஆண்டுக்கு ஒரு வரிசையாக 12 வரிசை; பக்கவாட்டில் ஆறு நிலப்பகுதிகள்; மொத்தம் 72 கட்டம். ஒவ்வொரு நூலுக்கும் ஒரு நிறம். ஒரு நூலை முடித்ததும் அது தொட்ட கட்டங்களை மட்டும் நிரப்ப வேண்டும், பக்க எண்ணோடு பதிப்பாண்டையும் சேர்த்து. பதிப்பைக் குறிக்காமல் பக்கத்தை மட்டும் குறித்தால் அடுத்த பதிப்பு கைக்கு வரும்போது அத்தனையும் குப்பை. நாலைந்து நூலுக்குப் பிறகு எந்தக் கட்டம் வெள்ளையாகவே கிடக்கிறது என்று பார்த்தால், அடுத்து எந்த நூல் வாங்குவது என்ற கேள்வியே எழாது.

நிரம்பிய கட்டத்திலும் ஒரு விஷயம் கவனிக்க வேண்டும்: எந்தத் தரப்பின் சொல்லை வைத்து நிரம்பியது. 1911இல் இலங்கையின் காலி நகரில் ஒரு மதகின் மேல் கவிழ்த்துப் போட்டிருந்த கல் கிடைத்தது. சீனக் கடற்தளபதி செங் ஹேயின் கடற்படையோடு வந்த, 1409ஆம் ஆண்டுக் கல். சீன மொழியில் புத்தருக்குக் காணிக்கை என்று இருக்கிறது. தமிழில் தெனாவரை நாயனாருக்கு, அதாவது தென்னிலங்கையில் வணங்கப்பட்ட திருமாலுக்கு. பாரசீகத்தில் அல்லாஹ்வின் பெயரால். பொன், வெள்ளி, பட்டு, எண்ணெய் என்று காணிக்கைப் பட்டியல் மட்டும் மூன்றிலும் கிட்டத்தட்ட ஒன்றே. சீனப் பகுதியை மட்டும் எடுத்து ‘பௌத்த உறவு’ என்று எழுதும் நூலும் பொய் சொல்லவில்லை, ஆனால் கல்லின் மூன்றில் இரண்டு பங்கை மதகுக்கு அடியிலேயே விட்டுவிட்டு வந்திருக்கிறது. அப்படிப்பட்ட இடத்தில் கட்டத்தை முழுக்க நிறமடிக்காமல் மூலையில் ஒரு கோடு மட்டும் போட்டு வைப்பது பின்னால் உதவும்.