கைத்துப்பாக்கி உரிமம்: பயிற்சி நிலையமும் உரிம அலுவலகமும்

கைத்துப்பாக்கி உரிமத்துக்கு விண்ணப்பிக்கும் முன் முடிக்க வேண்டிய பாதுகாப்புப் பயிற்சியை நான் பெற்ற நிலையம் தாராளமாகப் பாராட்டத்தக்கது. உரிமம் வழங்கும் அலுவலகத்தைப் பற்றி அவ்வாறு சொல்ல இயலவில்லை. தோட்டாக்களை அடுக்கிவைக்கும் பெட்டியான மேகசினைக் கழற்றிவிட்டால் பிஸ்டல் காலியாகிவிடும் என்றுதான் நானும் எண்ணியிருந்தேன். பயிற்றுநர் மேகசினைக் கழற்றி மேசைமேல் வைத்துவிட்டு, பிஸ்டலின் மேற்பகுதியைப் பின்னுக்கு இழுத்ததும், உள்ளே தங்கியிருந்த பயிற்சித் தோட்டா ஒன்று துள்ளி என் காலடியில் விழுந்தது. குழலை எப்போதும் ஆளில்லாத திசையில் வைத்திருப்பதும், சுடத் தீர்மானிக்கும்வரை விசையில் விரல் படாதிருப்பதும் எதற்கு என்பது அந்தக் கணத்திலேயே விளங்கிவிட்டது.

அலுவலகத்திலோ, முகவரிச் சான்றில் பெயரின் ஓர் எழுத்து மாறியிருந்ததால் விண்ணப்பம் திரும்பி வந்தது. கைரேகையை இருமுறை பதிய நேர்ந்தது (தேய்ந்த விரல்களுக்கு அவர்கள் பொறுப்பல்லர்). குற்றப் பின்னணிச் சரிபார்ப்பு நீள்வதில் எனக்கு வருத்தமில்லை, அது நீளத்தான் வேண்டும். ஆனால் எந்த ஆவணம் குறைகிறது என்பதை முதல் நாளே சொல்லியிருக்கலாம். ஆயுதத்தை வீட்டில் வைத்திருக்கும் உரிமமும் வெளியே எடுத்துச் செல்லும் அனுமதியும் பல நாடுகளில் வெவ்வேறானவை என்பதைக்கூடப் பயிற்றுநர் சொல்லித்தான் அறிந்தேன்.