கோர்ட் ஏலத்தில் மனை வாங்கினோம்: 5-க்கு 3 ஸ்டார்

போன வருடம் எங்கள் ஊர்ப்பக்கம் கோர்ட் ஏலத்தில் ஒரு மனை எடுத்தோம். கோர்ட்டே விற்கிறது, வில்லங்கம் இருக்காது என்று மட்டும் நினைத்துவிடாதீர்கள். ஏல அறிவிப்பில் சர்வே எண், நான்கு எல்லை எல்லாம் இருந்தது, ஆனால் பழைய அடமானம் ஒன்றைப் பற்றி ஒரு வரிகூட இல்லை, நாங்களே வில்லங்கச் சான்று போட்டுப் பார்த்ததால்தான் தெரிந்தது, அதைக் கழித்துத்தான் விலை கேட்டோம். இதற்கே ஒரு ஸ்டார் குறைத்தேன்.

ஏலம் முடிந்த கையோடு 25 சதவீதம் கட்ட வேண்டும், மீதி முழுவதும் 15 நாளுக்குள். தவறினால் ஏலம் போச்சு, கோர்ட் நினைத்தாலும் கெடு நீட்ட முடியாது. அதனால் வங்கிக் கடனை நம்பி இறங்காதீர்கள்.

அப்புறம் காத்திருப்பு. ஏலம் நடந்த 60 நாளுக்குள் கடனாளி, அதாவது யாருடைய கடனுக்காக மனை ஏலம் போனதோ அவர், பாக்கியையும், நமக்கு ஈடாக ஏலத்தொகையில் 5 சதவீதத்தையும் கட்டி மனுப் போட்டால் விற்பனை ரத்து. நல்ல விதி, ஒரு குடும்பத்துக்கு அதுதான் கடைசி வாய்ப்பு. எங்கள் விஷயத்தில் அவர்கள் வரவில்லை, வந்திருந்தால் நான் சந்தோஷமாகவே விட்டுக்கொடுத்திருப்பேன்.

விற்பனைச் சான்றிதழ் கிடைக்க மாதக்கணக்கில் அலைந்தோம், இன்னொரு ஸ்டார் அதில் போனது. விற்பனை உறுதியான ஒரு வருடத்துக்குள் சுவாதீனம் (மனையை நம் கையில் ஒப்படைப்பது) கேட்டு மனுப் போட்டுவிடுங்கள், அதை மறந்துவிடாதீர்கள். எங்களுக்கு கோர்ட் ஊழியரான அமீனா நேரில் வந்து ஒப்படைத்தார், யாரிடமும் குரல் உயர்த்தவில்லை.