கேப் டவுன் கடலோரச் சுற்று: வாடகைக் காரா, சிறு குழு வேனா?

ஜனவரியில் ஆறு நாள் கேப் டவுனில் இருந்தோம். நான், என் கணவர், எழுபத்தொரு வயது அம்மா. நகரத்துக்குத் தெற்கே கடலுக்குள் நீளும் தீபகற்பத்தை அந்த ஆறு நாளில் இரண்டு தடவை சுற்றினோம். முதல் தடவை வாடகைக் காரில். மூன்று நாள் கழித்து, பத்துப் பேர் உட்காரும் வேனில். இரண்டாவது சுற்று எங்கள் திட்டத்திலேயே இல்லை. முதல் தடவை அம்மாவால், தீபகற்பத்தின் நுனியான கேப் பாயின்ட்டில் காரை விட்டு இறங்கக்கூட முடியாமல் போனதால், மனசு கேட்காமல் மறுபடி போனோம்.

அதனால் என் சாய்வை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். கடலோரத்துக்கு ஒரே ஒரு நாள்தான் இருக்கிறது, போவது கோடைக்காலம், கூடவே வயதானவர் இருக்கிறார் என்றால் சிறு குழு வேன்தான் என் தேர்வு.

நகரத்தில் கிளம்பி, தீபகற்பத்தின் நுனி வரை போய், வேறு கரை வழியாகத் திரும்பி வர ஏறக்குறைய 150 கிலோமீட்டர். இந்திய ஓட்டுநர்களுக்குத் தென்னாப்பிரிக்கா சிரமமான நாடு இல்லை. இடது பக்கப் போக்குவரத்து, வலது பக்க ஸ்டீயரிங், நல்ல சாலை. பெட்ரோல் பங்கில் ஆள் வந்து நிரப்பித் தருவார். காரை நிறுத்தும் இடங்களில் மஞ்சள் மேல்சட்டை போட்ட காவல்காரர் நிற்பார், திரும்பி வரும்போது சில ராண்ட் கொடுத்தால் போதும். பை, கேமரா எதையும் வெளியே தெரிகிற மாதிரி காருக்குள் வைக்கக்கூடாது. செலவைப் பார்த்தால் கார்தான் மலிவு. எங்கள் மூன்று பேருக்கு வேன் கட்டணம், ஒரு நாள் கார் வாடகையும் பெட்ரோலும் சேர்ந்த தொகையைவிடக் கூடுதலாகவே வந்தது. நான்கு பேர் என்றால் வித்தியாசம் இன்னும் பெரிதாகும்.

ஏறி இறங்கும் சிவப்பு மாடிப் பஸ்ஸிலும் ஒரு நாள் போனோம். நகரத்துக்குள் அது மிக நல்ல ஏற்பாடு. ஆனால் நுனி வரை போய்வர அது உதவாது. தனி வண்டியும் வழிகாட்டியுமாக எங்களுக்கு மட்டும் அமர்த்திக்கொண்டு நாங்கள் போகவில்லை. கையில் பணம் இருந்தால் அதுதான் எல்லாவற்றிலும் வசதி என்று தோன்றுகிறது, ஆனால் அனுபவப்பட்டுச் சொல்லவில்லை.

சரி, எங்கள் முடிவை மாற்றிய விஷயத்துக்கு வருகிறேன். அது காற்று.

கேப் டவுனில் கோடை மாதங்களில் தென்கிழக்கிலிருந்து ஒரு காற்று அடிக்கும். நகரத்தின் கெட்ட காற்றையெல்லாம் அடித்துக்கொண்டு போய்விடும் என்பதால் ‘கேப் டாக்டர்’ என்று பெயர் வைத்திருக்கிறார்கள். கடலின் ஈரத்தைச் சுமந்து வரும் இந்தக் காற்று டேபிள் மவுண்டனில் மோதி மேலே ஏறுகிறது. ஆயிரம் மீட்டருக்கு மேல் உயரம், தலை தட்டையான மலை. ஏறும்போது குளிர்ந்து மேகமாகி, விளிம்பைத் தாண்டி நகரத்தின் பக்கம் வழிகிறது. பாதி தூரம் இறங்குவதற்குள் வெப்பம் பட்டுக் கரைந்துவிடும். கீழேயிருந்து பார்த்தால் மேசைமேல் வெள்ளை விரிப்பைப் போட்டது போலவே இருக்கும். பார்க்க அழகு. ஆனால் அந்த விரிப்பு விழுந்துவிட்டால் பெரும்பாலும் கேபிள் காரை நிறுத்திவிடுவார்கள்.

இது ஊருக்குப் போகும் முன்பே படித்துத் தெரிந்துகொண்டதுதான். மலைக்கு மட்டும்தான் இந்தப் பிரச்சினை என்று நினைத்ததுதான் எங்கள் தவறு. தீபகற்பத்தின் நுனி அதே காற்றுக்கு நேராக நீட்டிக்கொண்டிருக்கிறது, மறைப்பு எதுவும் கிடையாது. அன்றைக்குக் காலை ஒன்பதரை மணிக்கு நிதானமாகக் கிளம்பி, மேற்குக் கரையில் கேம்ப்ஸ் பே, ஹவுட் பே, சேப்மன்ஸ் பீக் சாலை என்று ஒவ்வொரு இடமாக நிறுத்தி நிறுத்திப் போனோம். கேப் பாயின்ட் போய்ச் சேர்ந்தபோது மணி ஒன்று. கணவர் கதவைத் திறந்ததும் காற்று அதைப் பிடுங்கி முன்பக்கமாக மடக்கிவிட்டது. கீல் வளைந்தது. அம்மா பக்கத்துக் கதவை நாங்கள் இரண்டு பேருமாகச் சேர்ந்து திறக்கப் பார்த்தோம், அவர் ஒரு காலை வெளியே வைத்துவிட்டு, ‘வேண்டாம்மா, நீங்க போய்ப் பாத்துட்டு வாங்க’ என்று மறுபடி உள்ளே போய்விட்டார். மதுரையிலிருந்து அவ்வளவு தூரம் வந்து, ஒரு கண்ணாடி வழியாகக் கார் நிறுத்துமிடத்தைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார். கதவுச் செலவை டெபாசிட்டில் பிடித்துக்கொண்டார்கள். அதைவிட அம்மா அப்படி உட்கார்ந்திருந்ததுதான் எனக்கு இன்னும் வலிக்கிறது.

வேனில் போன நாளன்றும் காற்று இருந்தது. ஆனால் வண்டியில் ஏறிய உடனேயே ஓட்டுநர், அவர்தான் வழிகாட்டியும், மலையைக் காட்டி ஒன்று சொன்னார். விளிம்பில் மெல்லிய வெண்கோடு ஒன்று தெரிந்தது. ‘பதினொன்றுக்கு மேல் காற்று ஏறிவிடும், இன்றைக்குச் சுற்றைத் தலைகீழாகப் போகப் போகிறோம்.’ அட்டவணையில் போட்டிருந்தது மேற்குக் கரை முதலில். அவர் கிழக்குக் கரை வழியாக நேராகச் சைமன்ஸ் டவுனுக்கு விட்டார். ஒன்பது மணிக்குப் பென்குயின்கள் முன்னால் நின்றோம், பார்க்கிங்கில் பாதி காலி. பத்தரைக்குக் கேப் பாயின்ட். அம்மா இறங்கினார், சரிவில் கம்பியால் இழுத்து ஏற்றும் ஃபுனிகுலர் ரயிலில் மேலே போனார், பழைய கலங்கரை விளக்கின் கீழ்ச் சுவரைப் பிடித்துக்கொண்டு இரண்டு பக்கக் கடலையும் பார்த்தார். பன்னிரண்டு மணிக்கு நாங்கள் கிளம்பும்போது காற்று ஏறத் தொடங்கிவிட்டது, உள்ளே வரும் கார்கள் வரிசையாக நின்றிருந்தன. மூன்று நாளுக்கு முன் அந்த வரிசையில் நாங்களும் இருந்தோம்.

காலையில் நுனி, மாலையில் மேற்குக் கரை என்பதை இப்போது நாமும் தெரிந்துகொண்டோமே, காரிலேயே அப்படிப் போகலாமே என்று கேட்கலாம். போகலாம்தான். ஆனால் எந்த நாளில் எந்த வரிசை என்பதை அந்தக் காலையில் மலையைப் பார்த்து முடிவுசெய்ய, நூறு தடவை அந்தச் சாலையில் போன கண் வேண்டும். வண்டியை நிறுத்துவதிலும் அதே அனுபவம் தெரிந்தது. வேனின் மூக்கைக் காற்றுக்கு எதிராக வைத்து நிறுத்தினார். அப்படி நிறுத்தினால் காற்று கதவை மூடத்தான் பார்க்கும், பிடுங்காது. அதோடு வேனின் கதவு பக்கவாட்டில் நகரும் கதவு. காரில் போகிறவர்கள், மூக்கைக் காற்றுக்கு எதிராக வைத்து நிறுத்துவதை மட்டுமாவது நினைவில் வையுங்கள்.

வரிசையை மாற்றியதில் இன்னொரு லாபமும் கிடைத்தது. சேப்மன்ஸ் பீக் சாலை ஏறக்குறைய 9 கிலோமீட்டர், 114 வளைவு. 1915 முதல் 1922 வரை பாறையைக் குடைந்து போட்டது, இப்போது சுங்கச் சாலை. தெற்கிலிருந்து வடக்கே வந்தால், இடது பக்கப் போக்குவரத்தில், நம் வண்டி கடலை ஒட்டியே ஓடும். காட்சிக்காக ஒதுங்கி நிற்கும் இடங்களும் அந்தப் பக்கமே. வடக்கிலிருந்து தெற்கே போனால் நாம் மலையை ஒட்டிப் போவோம், எதிரே வரும் வண்டிகளைத் தாண்டித்தான் கடல். முதல் தடவை நாங்கள் அப்படித்தான் போனோம். கணவர் வளைவுகளையே பார்த்துக்கொண்டு ஓட்டினார். வேனில் வந்தபோதுதான், ‘இந்தச் சாலையை இப்பத்தான் பார்க்கிறேன்’ என்றார்.

மாற்றியதற்கு ஒரு விலையும் உண்டு. ஹவுட் பேயிலிருந்து சீல்கள் கூட்டமாகக் கிடக்கும் டைக்கர் தீவுக்குப் படகு போகும். காலையில் போகவேண்டியது. நாங்கள் அங்கே வந்தபோது மாலையாகிவிட்டது, கடலும் புரண்டுகொண்டிருந்தது. எங்களோடு வந்த ஒரு குடும்பம் அந்தப் படகுக்காகவே பதிவு செய்திருந்தது, அந்தப் பிள்ளைகளின் முகம் வாடிப்போனது. சீல்தான் முக்கியம் என்றால் முன்கூட்டியே கேட்டுவிடுங்கள்.

அப்புறம் நேரம். வேனில் நம் நேரம் நம்முடையது இல்லை. ஒவ்வொரு தங்குமிடமாகப் போய் ஆட்களை ஏற்றவே முக்கால் மணி நேரம் போனது. கால்க் பே மீன்பிடித் துறைமுகத்தில் இறங்கிப் பார்க்க எனக்கு அவ்வளவு ஆசை, வண்டி நிற்கவில்லை. காரில் போனபோது அங்கேயே ஒரு மணி நேரம் படகுகளைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தோம், அந்தச் சுற்றில் எனக்குப் பிடித்த நேரமே அதுதான். சின்னக் குழந்தை இருப்பவர்கள், நினைத்த இடத்தில் நிறுத்திப் பால் கொடுக்க, தூங்கவைக்க வேண்டியவர்கள், காரைத்தான் எடுப்பார்கள். அவர்களோடு நான் வாதாட மாட்டேன்.

சைமன்ஸ் டவுனில் பென்குயின்கள் இருக்கும் போல்டர்ஸ் கடற்கரையில் ஐம்பது நிமிடம் தந்தார்கள். பென்குயின் பார்க்க அது போதும். மரப்பலகை நடைபாதை இருப்பதால் அம்மாவுக்கும் சிரமமில்லை. 1982இல் இரண்டே ஜோடியாக வந்து குடியேறிய பறவைகள் பெருகி இன்று ஊரின் அடையாளமாகிவிட்டன. ஆனால் ஒட்டுமொத்த ஆப்பிரிக்கப் பென்குயின் இனம் வேகமாகக் குறைந்துகொண்டே வருகிறது. 2024இல் அதை மிக ஆபத்தான நிலையில் உள்ள இனங்களின் பட்டியலில் சேர்த்தார்கள். முக்கியக் காரணங்களில் ஒன்று, அவை தின்னும் மத்தியும் நெத்திலியும் கிடைக்காமல் போவது. இதை ஓட்டுநர் சொன்ன பிறகு அம்மா, புதரடியில் குழியில் உட்கார்ந்திருந்த ஒன்றை வெகுநேரம் பார்த்துக்கொண்டிருந்தார்.

உடன் ஒருவர் சொல்லச் சொல்லப் பார்ப்பது வேறுதான். கேப் பாயின்ட்டுக்குப் பக்கத்திலேயே இருக்கும் நன்னம்பிக்கை முனைதான் ஆப்பிரிக்காவின் தென்கோடி என்று பள்ளியில் படித்த மாதிரி எனக்கு நினைவு. இல்லை, தென்கோடி அங்கிருந்து இன்னும் தென்கிழக்கே உள்ள அகுலாஸ் முனை. கேப் பாயின்ட்டில் இரண்டு கலங்கரை விளக்குகள் இருப்பதற்கும் ஒரு கதை உண்டு. பழையதை மிக உயரத்தில் கட்டிவிட்டார்கள். மேகமும் பனியும் வந்தால் வெளிச்சம் கப்பல்களுக்குத் தெரியாது. 1911இல் லூசிட்டானியா என்ற போர்ச்சுகீசியக் கப்பல் பாறையில் மோதியது. அதற்குப் பிறகுதான் கடல்மட்டத்திலிருந்து வெறும் 87 மீட்டர் உயரத்தில் புதிய விளக்கைக் கட்டினார்கள். காரில் போன அன்று அந்தக் கீழ் விளக்கு இருப்பதே எங்களுக்குத் தெரியாது.

பபூன் குரங்குகளைப் பற்றியும் ஒரு வார்த்தை. நாங்கள் தங்கிய வீட்டில் புளியோதரை கட்டிக்கொண்டு போயிருந்தோம், அம்மா சைவம். கேப் பாயின்ட்டில் சாப்பாட்டுப் பையை வெளியே எடுக்கவே கூடாது என்று ஓட்டுநர் கண்டிப்பாகச் சொல்லிவிட்டார். பூட்டாத கார்க் கதவைத் திறக்கத் தெரிந்த குரங்குகள் அவை. நுழைவாயிலைத் தாண்டி வெகுதூரம் வந்த பிறகு, வண்டிக்குள்ளேயே உட்கார்ந்து சாப்பிட்டோம்.

வேன் தோற்பது நகரத்தில். ‘நகரமும் கடலோரமும் ஒரே நாளில்’ என்று விற்கிறார்கள், ஆனால் நகரத்துக்குக் கிடைப்பது மிச்சம்மீதி. அடிமைகளாக வந்தவர்களின் சந்ததியார் குடியேறிய போ-காப் பகுதிக்கு மாலை நாலேகாலுக்கு வந்து, இருபது நிமிடத்தில் வண்ண வீடுகள் முன்னால் படம் எடுத்துக்கொண்டு கிளம்பச் சொன்னார்கள். எனக்கு அது போதவில்லை. டச்சு கிழக்கிந்திய கம்பெனி கேப்புக்கு அடிமைகளாகக் கொண்டுவந்தவர்களில் இந்தோனேசியத் தீவுகள், வங்காளம், மலபார் ஆட்களோடு சோழமண்டலக் கரை ஆட்களும் உண்டு. அந்தக் கம்பெனிக்கு நம் பழவேற்காட்டில் கோட்டை இருந்தது. பதிவேடுகளில் அவர்களில் பலர் பெயரோடு ‘கரையிலிருந்து வந்தவர்’ என்று டச்சில் எழுதி வைத்தார்கள், சொந்த ஊர்ப் பெயர் அங்கே இல்லை. மறுநாள் காலை நாங்களாகவே போய் அடிமைகளை அடைத்து வைத்திருந்த பழைய கட்டடத்தையும் கம்பெனித் தோட்டத்தையும் நிதானமாகப் பார்த்தோம். அரை நாள் ஆனது. நகரத்துக்கு அந்த அரை நாளைத் தனியாக ஒதுக்குங்கள், நடந்தே பார்க்கலாம்.

டேபிள் மவுண்டனையும் சுற்றுலா நாளோடு சேர்க்காதீர்கள். ஊருக்குப் போய் இறங்கியதும், முதலில் எந்தக் காலை காற்றில்லாமல் விடிகிறதோ அன்றைக்கே ஏறிவிடுங்கள். நாளைக்குப் பார்த்துக்கொள்ளலாம் என்று விட்டு, ஏறாமலே ஊர் திரும்பிய இருவர் எங்கள் வேனிலேயே இருந்தார்கள்.

நான் சொல்வதெல்லாம் ஜனவரி அனுபவம். ஜூன், ஜூலையில் அங்கே மழைக்காலம், காற்று வடமேற்கிலிருந்து வரும். அப்போது எந்த வரிசை சரி, வேனுக்கு இதே அளவு அனுகூலம் இருக்குமா என்பதை அந்தப் பருவத்தில் போனவர்களிடம் கேட்பதுதான் நல்லது.

பதிவு செய்வதற்கு முன்னால் இரண்டு கேள்வி கேளுங்கள். கேப் பாயின்ட், போல்டர்ஸ் பூங்கா நுழைவுக் கட்டணங்கள் சேர்ந்த விலையா? வெளிநாட்டவருக்கு அது கூடுதல், பல வேன்களில் தனியாகத்தான் வாங்குகிறார்கள். காற்று அடித்தால் ஓட்டுநர் பாதையை மாற்றுவாரா, இல்லை அட்டவணைப்படிதான் போவாரா? மாற்ற மாட்டார் என்றால் வேறு வேன் பாருங்கள். ஏறியதும் எந்தப் பக்கம் சுற்றப் போகிறார் என்று கேட்டுவிட்டு இடம் பிடியுங்கள். சேப்மன்ஸ் பீக்கில் திரும்பி வருவதாக இருந்தால் இடது ஜன்னல், அதன் வழியாகப் போவதாக இருந்தால் வலது ஜன்னல். அம்மாவை இடது ஜன்னலில் உட்கார வைத்தோம்.