ரிவர் வொண்டர்ஸ் பாண்டாக்கள்: குட்டியைத் தேடிப் போகாதீர்கள்

சிங்கப்பூர் மண்டாயில் உள்ள ரிவர் வொண்டர்ஸ் விலங்குக் காட்சிசாலைக்குப் பாண்டா பார்க்கப் போகிறவர்கள் முதலில் ஒன்றைத் தெரிந்துகொள்வது நல்லது. இருப்பவை இரண்டும் வளர்ந்தவை, குட்டி இல்லை. ஆண் காய் காய், பெண் ஜியா ஜியா இரண்டும் 2012 செப்டம்பரில் பத்தாண்டு இரவலாகச் சீனாவிலிருந்து வந்தன. கெடு பிறகு 2027 வரை நீட்டிக்கப்பட்டது. இவற்றுக்கு 2021 ஆகஸ்டில் பிறந்த குட்டி லெ லெ, 2024 ஜனவரியில் சீனாவுக்குப் போய்விட்டது. இரவலாக வந்த பாண்டா ஈன்றாலும் குட்டி சீனாவுக்கே சொந்தம். பழைய படங்களைக் காட்டிப் பிள்ளைகளுக்கு வாக்குக் கொடுத்துவிடாதீர்கள்.

'எந்நேரமும் தூங்குகிறது' என்பதுதான் வழக்கமான புகார். பாண்டாவைக் குறை சொல்லிப் பயனில்லை. இறைச்சி தின்னும் கரடிக்கு உண்டான குடலை வைத்துக்கொண்டு மூங்கிலில் பிழைக்கிறது. தின்பதில் ஐந்தில் ஒரு பங்குகூடச் செரிப்பதில்லை. அதனால் நாளில் பாதி தீனி, மீதியில் பெரும்பகுதி தூக்கம். உணவு வேளையை ஊழியர்களிடம் முன்கூட்டியே கேட்டுவிட்டு அதற்கேற்பப் போனால் ஏமாற்றமில்லை.

தின்னும்போது கையைக் கவனியுங்கள். மணிக்கட்டு எலும்பு ஒன்று புடைத்து ஆறாம் விரல் போல நிற்கும். மூங்கில் தண்டை அதில்தான் இறுக்கிப் பிடிக்கும். இலைகளை வாயாலேயே உருவி, கட்டாகச் சேர்த்து, சுருட்டைக் கடிப்பது போலக் கடிக்கும். தண்டென்றால் பச்சைத் தோலைப் பல்லால் கிழித்து எறிந்துவிட்டு உள்ளே இருப்பதை மட்டும் மெல்லும். இதைப் பார்க்கவே டிக்கெட் காசு தகும்.

இரண்டும் ஒன்றாக விளையாடும் என்று எதிர்பார்க்க வேண்டாம். தனித்து வாழும் விலங்கு. பெண் கருத்தரிக்கக்கூடிய காலம் ஆண்டுக்கு ஒன்றிரண்டு, மிஞ்சினால் மூன்று நாள். லெ லெ பிறந்ததே ஏழாவது இனப்பெருக்கப் பருவத்தில், செயற்கைக் கருவூட்டலில்தான்.

பாண்டா கூடம் குளிரூட்டப்பட்டது. வெளிப் புழுக்கத்துக்கு வந்ததும் லென்ஸ் பனித்துப்போகும். கேமராவை உள்ளேயே பையில் போட்டு மூடிவிடுங்கள். ஃபிளாஷ் கூடாது. சிவப்புப் பாண்டாவும் இதே கூடத்தில்தான். மரத்தின் மேல் இருக்கும், அண்ணாந்து பார்க்காதவர்கள் தவறவிடுவார்கள்.

நேரம் குறித்து இணையத்தில் முன்பதிவு செய்துவிட்டுப் போங்கள். அங்கேயே உள்ள அமேசான் படகுச் சவாரிக்குத் தனி டிக்கெட். மழை இடி என்றால் படகு நின்றுவிடும், பாண்டா கூடத்துக்கு அந்தக் கவலையில்லை. காலை 10 மணிக்குத் திறந்ததும் நேரே பாண்டாவிடம் போய்விட்டு, மற்றதைச் சுற்றி முடித்துத் திரும்பும் வழியில் இன்னொரு முறை எட்டிப் பாருங்கள். காலையில் முதுகைக் காட்டிப் படுத்திருந்தது அப்போது எழுந்திருக்கலாம்.