ஒருமாறிச் சமன்பாடு பயிற்சி ஏடு: 60 ரூபாய்க்கு வாங்கலாமா?

நாகர்கோவில் வடசேரி பக்கத்துப் புத்தகக் கடைகளில் 7, 8-ஆம் வகுப்புக்கென்று விற்கிற மெல்லிய பயிற்சி ஏடு இது. 48 பக்கம், 60 ரூபாய். ஒருமாறி நேரிய சமன்பாட்டைத் தவிர, அதாவது தெரியாத எண் ஒன்றே (ஏட்டில் அதற்குப் பெயர் 'அ') வர்க்கம் எதுவும் இல்லாமல் வரும் சமன்பாட்டைத் தவிர, வேறு எதுவும் கிடையாது. வாங்கலாம். ஆனால் முதல் சில பக்கங்களுக்கு மட்டும் வீட்டில் யாராவது கூட உட்கார வேண்டும்.

காரணம் இடமாற்று முறை. 'இந்தப் பக்கம் கூட்டல், அந்தப் பக்கம் போனால் கழித்தல்' என்று ஒரே வரியில் முடித்துவிட்டார்கள். 3அ + 7 = 22 என்ற கணக்கில் 3அ = 15 வரைக்கும் சிக்கல் இல்லை. அடுத்த அடியில் பிள்ளை அதே விதியைப் பிடித்துக்கொண்டு 3-ஐயும் கழித்து, அ = 12 என்று எழுதிவிடும். உண்மையில் எந்த எண்ணும் இடம் மாறுவதில்லை. இரு பக்கத்திலும் 7-ஐக் கழிக்கிறோம், பிறகு இரு பக்கத்தையும் 3-ஆல் வகுக்கிறோம்; அ = 5. பக்க ஓரத்தில் பென்சிலால் இதை எழுதிக் கொடுத்துவிடுங்கள்.

அடைப்புக்குறிப் பகுதி தேவலை. 5 − 2(அ − 3) = 1 என்பதை விரித்தால் 5 − 2அ + 6. அந்த +6-ஐ −6 என்று எழுதினால் விடை 5-க்குப் பதில் −1 வரும் என்பதையும் அருகிலேயே காட்டியிருக்கிறார்கள்.

கொடுத்த காசுக்கு மதிப்பு, ஒவ்வொரு கணக்கின் கீழும் இருக்கும் சரிபார்ப்புக் கட்டம்தான். தோவாளைப் பூச்சந்தைக் கணக்கு ஒன்று: மல்லியைவிட பிச்சி கிலோவுக்கு 150 ரூபாய் கூடுதல், 2 கிலோ மல்லியும் 3 கிலோ பிச்சியும் சேர்த்து 3,450 ரூபாய். மல்லி விலை அ என்றால் 2அ + 3(அ + 150) = 3,450; அ = 600. அடைப்புக்குறியை மறந்து 3அ + 150 என்று போட்டால் 660 வரும். முழு எண், நம்பும்படியான விலை, சந்தேகமே தோன்றாது. கட்டத்தில் போட்டுப் பார்த்தால் 1,320 + 2,430 = 3,750. மிச்சம் 300, அதாவது இரண்டு 150. மூன்று கிலோவுக்கும் சேர வேண்டிய கூடுதல் ஒரு கிலோவுக்குத்தான் சேர்ந்திருக்கிறது என்று அந்த மிச்சமே காட்டிக்கொடுக்கிறது.

பின்னத்துக்கு இரண்டே பக்கம், போதாது. அ/3 + அ/4 = 7 என்பதை 12-ஆல் பெருக்கும்போது வலப்பக்க 7-ஐ விட்டுவிடுவதுதான் வழக்கமான பிழை; அதைப் பற்றி எச்சரிக்கையே இல்லை. மாறிக்கு 'அ' போட்டிருக்கிறார்கள். பள்ளிப் புத்தகத்தில் எக்ஸ், ஒய் என்றிருப்பதால் பரீட்சைக்கு முன் சிலவற்றை அப்படியும் எழுதிப் பழக வேண்டும். தாள் மெலிசு, ஜெல் பேனா மறுபக்கம் ஊறும்.

விடைப் பக்கத்தில் 7 − 3அ = −5 என்ற கணக்குக்கு −4 என்று அச்சாகியிருக்கிறது. 4 என்று திருத்திக்கொள்ளவும்.